குவிண்டாலுக்குப் பத்து சென்டாவோ: பொலிவியா கடலை இழந்த விதம்

1878 பிப்ரவரி 14 அன்று பொலிவியாவின் அரசியல் நிர்ணய சபை நிறைவேற்றிய சட்டம் மிகச் சிறியது. ஒரே வாக்கியத்தில் முடிந்துவிடும். அன்டோஃபகாஸ்டா வெடியுப்பு – ரயில்வே கம்பெனியுடன் அரசு 1873 நவம்பரில் செய்துகொண்ட உடன்பாட்டைச் சபை ஏற்கிறது. ஆனால் ஏற்றுமதியாகும் ஒவ்வொரு குவிண்டாலுக்கும் குறைந்தது பத்து சென்டாவோ வரி கட்டியாக வேண்டும். குவிண்டால் என்பது சுமார் 46 கிலோ. பத்து சென்டாவோ என்பது ஒரு பொலிவியானோவில் பத்தில் ஒரு பங்கு.

சரியாக ஓராண்டு கழித்து, 1879 பிப்ரவரி 14 அன்று, அன்டோஃபகாஸ்டா துறைமுகத்தில் சிலியின் படை இறங்கியது. முதலில் கரையேறியவர்கள் ஏறத்தாழ 200 பேர். அவர்களைத் தடுக்க எவரும் இல்லை. அங்கே தொடங்கிய சண்டை பெருவையும் உள்ளே இழுத்துக்கொண்டு, பசிபிக் போர் என்ற பெயரில் 1884 வரை நீண்டது. அது ஓய்ந்தபோது பொலிவியாவிடம் கடற்கரையே இல்லை. இழந்தது சுமார் 400 கிலோமீட்டர் கரை, 1,20,000 சதுர கிலோமீட்டர் நிலம் என்று அந்த நாடு இன்றும் கணக்குச் சொல்கிறது.

பத்து சென்டாவோவுக்காக ஒரு நாடு கடலைத் தொலைத்தது என்று சொல்லக் கேட்கச் சுவையாகத்தான் இருக்கிறது. பொலிவியாவில் இது சிலியின் பேராசைக் கதை. சிலியில் இது பொலிவியா வாக்குத் தவறிய கதை. இரு தரப்புக்கும் ஆதாரம் உண்டு. படிக்கப் படிக்க என்னை உறுத்துவது வேறொன்று. வரி போட உரிமை உண்டா என்று பொலிவியாவின் ஆட்சி நகரான லாபாஸில் விரிவாக வாதம் நடந்தது. கட்ட மறுத்தால் எப்படி வசூலிப்பது என்பதற்கு யாரிடமும் பதில் இருந்ததாகத் தெரியவில்லை.

கொடி ஒருவருடையது, ஊர் வேறொருவருடையது

1825இல் பொலிவியா விடுதலை பெற்றபோது அதற்கொரு துறைமுகம் வேண்டும் என்று முதலில் கவலைப்பட்டவர் சிமோன் பொலிவார். அந்த ஆண்டு டிசம்பரில் கோபிஹா என்ற சிற்றூரை நாட்டின் துறைமுகமாக அறிவித்தார். குடிநீர் அரிதான இடம். பின்னால் அடகாமா பாலைவனம், அதற்கும் பின்னால் ஆண்டீஸ் மலை. மக்களும் சுரங்கங்களும் ஆட்சியும் 3,500 மீட்டருக்கு மேலே, பீடபூமியில் இருந்தன. மேட்டு நிலத்து வணிகர்கள் சரக்கை இறக்கக் கோபிஹாவைத் தேடி வரவில்லை; பெருவுக்குச் சொந்தமான அரிகா துறைமுகமே அவர்களுக்குப் பக்கம். அரசுக்கும் அது பழகிவிட்டது.

ஆகவே லிடோரால் என்ற பொலிவியாவின் கடற்கரை மாவட்டம் வரைபடத்தில் இருந்தது, வாழ்க்கையில் இல்லை. அந்த வெற்றிடத்தை நிரப்பியவர்கள் தெற்கிலிருந்து வந்தார்கள். மெஹியோனெஸ் பகுதியில் குவானோ, அதாவது உரமாகப் பயன்படும் கடற்பறவை எச்சம், கிடைத்தது. 1866இல் சிலிக்காரர்களான ஹோசே சான்டோஸ் ஓசாவும் பிரான்சிஸ்கோ புவெல்மாவும் சலார் டெல் கார்மெனில் வெடியுப்புப் படிவத்தைக் கண்டுபிடித்தனர். பள்ளி வேதியியலில் சிலி சால்ட்பீட்டர் என்று படித்திருப்போமே, அந்தச் சோடியம் நைட்ரேட்தான். ஐரோப்பிய வயல்களுக்கு உரம், சுரங்கங்களுக்கும் பீரங்கிகளுக்கும் வெடிமருந்து. 1870இல் கரகோலெஸில் வெள்ளி அகப்பட்டது. தோண்ட வந்த கூலிகள், கடை வைத்தவர்கள், கடன் கொடுத்தவர்கள், ரயில் பாதை போட்டவர்கள் என எல்லாரும் பெரும்பாலும் சிலியிலிருந்து வந்தவர்கள். 1868இல் உருவான அன்டோஃபகாஸ்டாவில் பத்தாண்டுக்குள் பொலிவியக் குடிமக்கள் சிறுபான்மை. மாவட்ட ஆட்சியர், சில காவலர்கள், சுங்க அதிகாரிகள்: பொலிவிய அரசு என்று அங்கே காணக்கிடைத்தது அவ்வளவே.

இதற்கு மேல் இயற்கையும் சேர்ந்துகொண்டது. 1877 மே 9 அன்று, அப்போது பெருவுக்குச் சொந்தமான இக்கிகே அருகே நிகழ்ந்த நிலநடுக்கமும் ஆழிப்பேரலையும் அந்தக் கரையின் ஊர்களைச் சிதைத்தன. கோபிஹா அதன் பிறகு எழவே இல்லை. 1878இல் மேட்டு நிலத்தில் வறட்சியும் பஞ்சமும். கஜானா காலியான அரசின் கண்ணில், வரியே கட்டாமல் கப்பல் கப்பலாக உப்பு ஏற்றிக்கொண்டிருந்த ஒரு கம்பெனி படாமல் இருக்குமா?

உடன்பாடா, உடன்படிக்கையா

வழக்கின் சட்டச் சிக்கல் இங்கேதான் இருக்கிறது. கொஞ்சம் பொறுமையாகப் பார்க்க வேண்டிய பகுதி.

சிலிக்கும் பொலிவியாவுக்கும் எல்லை எங்கே என்பது பாலைவனத்தில் பணம் இருப்பது தெரியும்வரை யாருக்கும் முக்கியமாகப் படவில்லை. 1842இல் சிலி 23ஆவது தென் அட்சரேகை வரை உரிமை கோரியது. 1866இல், சர்வாதிகாரி மரியானோ மெல்கரேஹோ பொலிவியாவை ஆண்டபோது, ஒரு விசித்திர ஏற்பாடு உருவானது: எல்லை 24ஆவது அட்சரேகை, ஆனால் 23க்கும் 25க்கும் இடையில் கிடைக்கும் குவானோ, கனிம வருமானத்தை இரு நாடுகளும் பாதிப்பாதியாகப் பகிர்ந்துகொள்ளும். கணக்கு வழக்கில் ஓயாத தகராறு. 1874இல் புதிய உடன்படிக்கை வந்தது. எல்லை அதே 24. கனிம வரியில் தனக்குள்ள பாதியைச் சிலி விட்டுக்கொடுத்தது. அதற்கு ஈடாக, நான்காம் பிரிவில் பொலிவியா ஒரு வாக்குக் கொடுத்தது: அந்தப் பகுதியில் கனிம ஏற்றுமதித் தீர்வை அப்போதுள்ள அளவைத் தாண்டாது, சிலியின் குடிமக்கள், தொழில்கள், மூலதனம் ஆகியவற்றின்மேல் 25 ஆண்டுகளுக்குப் புதிய வரி எதுவும் கிடையாது.

இது நாடுகளுக்கு இடையேயான கதை. கம்பெனியின் கதை தனியாக ஓடியது. ஓசாவுக்கும் புவெல்மாவுக்கும் சலுகைகளை வாரி வழங்கியவர் மெல்கரேஹோ. 1871இல் அவர் விரட்டப்பட்டதும், அவர் கொடுத்தவை செல்லாது என்று புதிய ஆட்சி அறிவித்தது. சலுகை கைமாறி வந்து சேர்ந்த கம்பெனி மறுபடி பேரம் பேசி, 1873 நவம்பர் 27 அன்று 15 ஆண்டுகளுக்குத் தீர்வையில்லாமல் வெடியுப்பு எடுக்கும் உரிமையைப் பெற்றது. சிலித் துறைமுக நகரான வால்பரைசோவின் பணக்காரர் அகுஸ்தின் எட்வர்ட்ஸும் லண்டனின் கிப்ஸ் வணிக நிறுவனமும் அதன் முதன்மைப் பங்குதாரர்கள். சிலியின் அரசியல் மேல்தட்டிலும் பலர் பங்கு வைத்திருந்தார்கள்.

1878இல் பொலிவியா சொன்ன வாதம் இதுதான்: 1873 உடன்பாட்டை அரசு நிர்வாகம் செய்தது, மன்றம் ஒப்புதல் தரவில்லை. ஒப்புதல் தரும் மன்றத்துக்கு நிபந்தனை போடவும் உரிமை உண்டு. பத்து சென்டாவோ என்பது பொலிவியச் சட்டப்படி இயங்கும் ஒரு தனியார் கம்பெனியுடனான பேரத்தின் விலை. குடிமக்கள்மேல் போடும் வரியன்று. கம்பெனிக்கு வருத்தமென்றால் பொலிவிய நீதிமன்றத்துக்குப் போகட்டும்.

சிலியின் பதில் சுருக்கமானது. நான்காம் பிரிவைப் படியுங்கள்.

எனக்கு இரண்டு வாதங்களையும் படித்தபின் தோன்றுவது, பொலிவியாவின் வாதம் வழக்கறிஞர் அறையில் நிற்கும், வெளியே நிற்காது என்பதுதான். உடன்பாட்டின் நிபந்தனை என்று என்ன பெயர் வைத்தாலும், சிலி மூலதனத்தின்மேல் புதிதாக விழும் பணச்சுமையைத் தடுக்கவே அந்தப் பிரிவு எழுதப்பட்டது. ஆனால் அதற்காகச் சிலியை அப்பாவி என்று விட்டுவிடவும் முடியாது. ஐயம் வந்தால் நடுவர் தீர்ப்புக்குப் போவது என்று 1875இல் இரு நாடுகளும் துணை ஒப்பந்தம் செய்திருந்தன. சிலி அதைக் கேட்டது உண்மை, ஆனால் வரியை முதலில் நிறுத்து என்று சொல்லிக் கேட்டது. கேட்கும்போதே அதன் போர்க்கப்பல் அன்டோஃபகாஸ்டாவில் நின்றுகொண்டிருந்தது.

எட்டு வாரம்

சட்டம் வந்த உடனே வரி வசூல் தொடங்கவில்லை. சிலி ஆட்சேபித்ததால் 1878 முழுவதும் அது கிடப்பில் இருந்தது. ஆண்டின் இறுதியில்தான் குடியரசுத் தலைவர் இலாரியோன் தாசா அதைச் செயல்படுத்த முடிவு செய்தார். 1876இல் படைப்புரட்சி மூலம் பதவிக்கு வந்த ராணுவ அதிகாரி அவர். அந்த டிசம்பரில் அவர் போட்டுப் பார்த்த கணக்கு முற்றிலும் முட்டாள்தனமானது என்று சொல்ல மாட்டேன். படகோனியாவைக் குறித்துச் சிலிக்கும் அர்ஜென்டினாவுக்கும் போர் மூளும் நிலை. சிலியின் பொருளாதாரமும் நொடித்துப் போயிருந்தது. 1878 ஜூலையில் வங்கி நோட்டுகளை உலோக நாணயமாக மாற்றித் தருவதையே அந்த அரசு நிறுத்திவைத்திருந்தது. அப்படிப்பட்ட நாடு வடக்கே இன்னொரு சண்டைக்கு வராது என்று லாபாஸ் நம்பியது.

நம்பிக்கை தலைகீழானது. 1878 டிசம்பரில் சிலியும் அர்ஜென்டினாவும் தற்காலிக ஒப்பந்தத்துக்கு வந்துவிட்டன. தெற்கே கை ஓய்ந்தது. பொருளாதார நெருக்கடியோ சிலியை அடக்கிவைப்பதற்குப் பதிலாக, வடக்கே இருக்கும் வெடியுப்புப் பணத்தை இழக்க முடியாத நிலைக்குத் தள்ளியது. தெற்கே விட்டுக்கொடுத்தீர்கள், வடக்கேயுமா என்று குடியரசுத் தலைவர் அனிபல் பின்டோவை எதிர்க்கட்சியும் பத்திரிகைகளும் குடைந்தன. கம்பெனியின் பங்குதாரர்களும் சும்மா இருக்கவில்லை.

1879 ஜனவரியில் மாவட்ட ஆட்சியர் செவெரினோ சபாதா, நிலுவையாகச் சுமார் 90,000 பொலிவியானோவைக் கட்டும்படி உத்தரவிட்டார். கம்பெனியின் மேலாளர் ஜார்ஜ் ஹிக்ஸ் என்ற ஆங்கிலேயர் மறுத்தார். சொத்துகளைப் பறிமுதல் செய்யவும் ஹிக்ஸைக் கைது செய்யவும் ஆணை போனது. வேலை நின்றது, ஆயிரக்கணக்கான சிலித் தொழிலாளர்கள் கைகட்டி உட்கார்ந்திருந்தார்கள்.

இந்த இடத்தில் தாசா செய்ததுதான் வழக்கின் திருப்புமுனை. பிப்ரவரி 1 அன்று அவர் கம்பெனியுடனான உடன்பாட்டையே ரத்து செய்தார். வரித் தகராறு முடிந்துவிட்டது, வரியே இனி இல்லை என்று பொலிவியா சொன்னது. உண்மைதான், ஏனென்றால் உரிமமே இல்லை. நடுவர் தீர்ப்புக்குக் கொண்டுபோக வேண்டிய கேள்வி ஒரே நாளில் சொத்துப் பறிப்பாக மாறிவிட்டது. பறிமுதலான சொத்துகளை ஏலம் விடக் குறித்த நாள் பிப்ரவரி 14. லாபாஸில் இருந்த சிலித் தூதர் 12ஆம் தேதி உறவை முறித்துக்கொண்டு கிளம்பினார்.

ஏலம் நடக்கவில்லை. அன்று காலை படை வந்தது.

1874 உடன்படிக்கையைப் பொலிவியா முறித்ததால், 1866க்கு முன் தனக்கிருந்த உரிமை மீண்டும் உயிர் பெற்றுவிட்டது என்று சிலி சொன்னது. 24இல் நின்ற கோடு 23க்குப் போனது. சில வாரங்களில் அதையும் தாண்டிப் போனது.

ஒரு கிளைக் கதை. படையெடுப்புச் செய்தி வந்தபோது தாசா கார்னிவல் கொண்டாட்டத்தில் இருந்தார், விழா கெடக்கூடாது என்று செய்தியைப் பையில் மறைத்து வைத்தார் என்று பொலிவியாவில் தலைமுறை தலைமுறையாகச் சொல்வார்கள். இதை வரலாற்றாசிரியர்கள் பலர் ஏற்பதில்லை. எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது செய்தி எப்படி வந்தது என்பது. அன்டோஃபகாஸ்டாவுக்கும் லாபாஸுக்கும் இடையே தந்திக் கம்பி கிடையாது. கப்பலில் வடக்கே பெருவின் கரைக்குப் போய், டாக்னாவிலிருந்து ஓட்டக்காரர் கையில் மலையேறித் தலைநகருக்கு வர வேண்டும். தன் துறைமுகம் போனதைப் பத்து நாளுக்குப் பிறகு, இன்னொரு நாட்டின் வழியாகத் தெரிந்துகொண்ட அரசு அது. தாசா அன்று குடித்தாரா ஆடினாரா என்பதால் எதுவும் மாறியிருக்காது.

பெரு ஏன் சேர்ந்தது

1873 பிப்ரவரி 6 அன்று பெருவும் பொலிவியாவும் ஒரு ரகசியப் பாதுகாப்பு உடன்படிக்கை செய்திருந்தன. பொலிவியா சிலியுடன் சேர்ந்துவிடாமல் பார்த்துக்கொள்வது பெருவின் நோக்கம். அதோடு வெடியுப்புக் கணக்கும் இருந்தது. குவானோவை அடகு வைத்து வாங்கிய கடன்களில் மூழ்கிய பெரு, தாரபாகா மாகாணத்தின் வெடியுப்புச் சுரங்கங்களை 1875இல் அரசுடைமையாக்கும் வேலையைத் தொடங்கியது. பணத்துக்குப் பதில் பத்திரங்களைக் கொடுத்தது. 1876இல் வெளிநாட்டுக் கடன் தவணையைக் கட்ட முடியாமல் நின்றது. உலகச் சந்தையில் விலையைத் தான் தீர்மானிக்க நினைத்த பெருவுக்கு, பக்கத்திலேயே தீர்வையில்லாமல் உப்பு எடுக்கும் அன்டோஃபகாஸ்டா கம்பெனி பெரிய முள்.

1879 மார்ச்சில் பெருவின் தூதர் ஹோசே அன்டோனியோ டி லவாயே சமரசம் பேசச் சிலியின் தலைநகர் சாந்தியாகோவுக்குப் போனார். ரகசிய உடன்படிக்கை ஒன்று இருக்கிறதாமே என்று கேட்டபோது மழுப்பினார். சிலி நடுநிலை உறுதி கேட்டது, பெருவால் தர முடியவில்லை. ஏப்ரல் 5 அன்று சிலி இரு நாடுகள்மீதும் போர் அறிவித்தது. இந்தப் போரில் மிகப் பெரிய விலை கொடுத்தது பெரு என்பதையும், அது தன் கூட்டாளி தன்னைக் கேட்காமல் முடுக்கிவிட்ட தகராறுக்காக என்பதையும் சேர்த்துப் பார்த்தால், ரகசிய உடன்படிக்கைகள் யாரைப் பாதுகாக்கின்றன என்று கேட்கத் தோன்றுகிறது.

கடலில் தீர்ந்த போர்

மார்ச் 23 அன்று கலாமா அருகே தோபாதேர் என்ற இடத்தில் முதல் சண்டை. சுமார் 135 பொலிவியர்கள், எதிரே 500க்கும் மேற்பட்ட சிலிப் படையினர். பாலத்தருகே நின்று போராடிய பொலிவியர் எதுவார்தோ அபரோவா படைவீரர் அல்லர். சரணடையச் சொன்னபோது, நானா சரணடைவது, போய் உன் பாட்டியைச் சரணடையச் சொல் என்று வசையோடு கத்திவிட்டுச் செத்தார் என்பது அந்நாட்டுக் குழந்தைகள் எல்லாருக்கும் தெரிந்த வாசகம். மார்ச் 23 இன்றும் அங்கே கடல் நாள்.

ஆனால் போரின் தலைவிதி நிலத்தில் இல்லை. அடகாமாவில் தண்ணீர் கிடையாது, சாலை கிடையாது. கடலை யார் ஆள்கிறாரோ அவருடைய படைக்குத்தான் சோறும் நீரும். சிலியிடம் இங்கிலாந்தில் கட்டிய இரு புதிய கவசக் கப்பல்கள் இருந்தன: கோக்ரேனும் பிளாங்கோ என்கலாதாவும். பெருவிடம் அவற்றைவிடப் பழைய இரு கவசக் கப்பல்கள்: ஹுவாஸ்கரும் இன்டிபென்டென்சியாவும். பொலிவியாவிடம் கடற்படையே இல்லை.

மே 21 அன்று இக்கிகே துறைமுகத்தில் நடந்ததைப் பெருவும் சிலியும் தத்தம் பெருமையாகக் கொண்டாடுகின்றன. அப்படி இரு தரப்புக்கும் பொதுவாக அமைந்த போர் நாள் அரிது. ஹுவாஸ்கர் மரக்கப்பலான எஸ்மெரால்டாவை இடித்து மூழ்கடித்தது. எஸ்மெரால்டாவின் தலைவர் அர்துரோ பிராட், மோதிய கணத்தில் கையில் வாளோடு எதிரிக் கப்பலின் தளத்தில் குதித்து மாண்டார். சில மைல் தெற்கே இன்டிபென்டென்சியா, தன்னைவிடச் சிறிய கோவாதோங்காவைத் துரத்திப் போய்ப் பாறையில் ஏறி நொறுங்கியது. பெரு வென்றதாகத் தோன்றிய அந்த ஒரே நாளில் அதன் கவசக் கப்பல்களில் பாதி போய்விட்டது. ஹுவாஸ்கரின் தலைவர் மிகெல் கிராவ், பிராட்டின் உடைமைகளைச் சேகரித்து, இரங்கல் கடிதத்தோடு அவர் மனைவிக்கு அனுப்பிவைத்தார். அடுத்த நான்கரை மாதங்கள் ஒற்றைக் கப்பலை வைத்துக்கொண்டு சிலியின் கரையை அவர் அலைக்கழித்தார். ஜூலையில் குதிரைப்படையோடு வந்த ரிமாக் என்ற போக்குவரத்துக் கப்பலையே பிடித்தார். அவர் நடமாடும்வரை சிலியின் தரைப்படை வடக்கே நகரத் துணியவில்லை. அக்டோபர் 8 அன்று அங்காமோஸ் முனையில் இரு கவசக் கப்பல்களும் ஹுவாஸ்கரைச் சூழ்ந்தன. கிராவ் நின்றிருந்த கட்டளைக் கோபுரத்தை ஒரு குண்டு தகர்த்தது. பிடிபட்ட ஹுவாஸ்கர் இப்போது சிலியின் தால்கவானோ துறைமுகத்தில் அருங்காட்சியகமாக மிதக்கிறது.

அதன் பிறகு நடந்ததைச் சுருக்கமாகவே சொல்லலாம். நவம்பர் 2 பிசாகுவாவில் சிலிப் படை இறங்கியது. அரிகாவிலிருந்து உதவிக்குக் கிளம்பிய தாசா, கமரோனெஸ் வரை வந்து, பாலைவனம் வாட்டுகிறது, படை முன்னேற மறுக்கிறது என்று தந்தி அடித்துவிட்டுத் திரும்பினார். தாரபாகாவில் பெரு ஒரு சண்டையை வென்றும் மாகாணத்தை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. டிசம்பரில் பெருவின் குடியரசுத் தலைவர் ஆயுதம் வாங்கப் போவதாகச் சொல்லி நாட்டை விட்டுக் கிளம்ப, லிமாவில் ஆட்சி கவிழ்ந்தது. சில நாளில் தாசாவும் கவிழ்ந்தார். 1880 மே 26இல் டாக்னா அருகே நடந்த போரோடு பொலிவியா களத்திலிருந்து விலகியது. 1881 ஜனவரியில் லிமா வீழ்ந்தது. பெருவின் தேசிய நூலகம் சூறையாடப்பட்டது. அப்போது எடுத்துச் சென்றவற்றில் 3,788 நூல்களை 2007இல்தான் சிலி திருப்பிக் கொடுத்தது.

இன்னொருவர் கடலைத் தருகிறேன் என்ற பேரம்

இந்த வழக்கில் அதிகம் பேசப்படாத பக்கம் ஒன்று உண்டு. போர் தொடங்கிய சில மாதங்களிலேயே சிலி பொலிவியாவிடம் தூது அனுப்பியது: பெருவை விட்டுவிட்டு எங்களோடு வா, அன்டோஃபகாஸ்டாவை மற, பெருவின் டாக்னாவையும் அரிகாவையும் பிடித்து உனக்குத் தருகிறோம். பொலிவியாவுக்கு இயல்பான துறைமுகம் அரிகாதான் என்பது சிலிக்கும் தெரிந்திருந்தது. பேரம் அப்போது முடியவில்லை. 1895இல் இரு நாடுகளும் அதே எண்ணத்தை முறையான உடன்படிக்கையாகவே எழுதின. அதுவும் செயலுக்கு வரவில்லை.

காரணம், டாக்னாவும் அரிகாவும் யாருடையவை என்பதே தீரவில்லை. 1883 அன்கோன் உடன்படிக்கைப்படி பெரு தாரபாகாவை நிரந்தரமாக இழந்தது. டாக்னா, அரிகா பத்தாண்டு சிலியிடம் இருக்கும், பிறகு மக்கள் வாக்கெடுப்பு என்று எழுதினார்கள். வாக்கெடுப்பு நடக்கவே இல்லை. 1929இல்தான் டாக்னா பெருவுக்கு, அரிகா சிலிக்கு என்று பிரித்துக்கொண்டார்கள். அதோடு ஒரு துணை விதியையும் சேர்த்தார்கள்: அந்த நிலத்தில் எதையும் ஒரு நாடு மற்றதன் சம்மதமின்றி மூன்றாவது நாட்டுக்குக் கொடுக்கக் கூடாது. மூன்றாவது நாடு எது என்று எழுதத் தேவையிருக்கவில்லை.

பொலிவியா 1884இல் போர்நிறுத்தத்துக்கு மட்டுமே கையெழுத்திட்டது. கரையை நிரந்தரமாகக் கொடுத்த அமைதி உடன்படிக்கை 1904 அக்டோபர் 20இல் வந்தது. போர் முடிந்து இருபது ஆண்டுக்குப் பின் ஏன் ஒப்புக்கொண்டார்கள்? படை பலமில்லை என்பது ஒரு பகுதி. மற்றொரு பகுதி வணிகம். பொலிவியாவின் வெள்ளிச் சுரங்க முதலாளிகளுக்குச் சிலியின் மூலதனமும் சந்தையும் தேவைப்பட்டன. உவான்சாகா சுரங்கத்தின் பெரும்புள்ளியான அனிசெட்டோ ஆர்சே, சிலியுடன் சமாதானம் வேண்டும் என்று பேசியதற்காக 1881இல் துணைத் தலைவர் பதவியிலிருக்கும்போதே நாடுகடத்தப்பட்டார். 1888இல் அவரே குடியரசுத் தலைவர். அவர் காலத்தில் அன்டோஃபகாஸ்டாவிலிருந்து ரயில் பாதை மலையேறி 1889இல் உயுனியையும் 1892இல் ஒருரோவையும் தொட்டது. கடற்கரை தன் கையில் இருந்த 54 ஆண்டுகளில் பொலிவியா போடாத பாதை, கரை போன பத்து ஆண்டில் கண்ணெதிரே வந்து நின்றது. 1904 உடன்படிக்கையிலும் பொலிவியா பெற்றவற்றில் முக்கியமானவை 3,00,000 பிரிட்டிஷ் பவுண்டு பணம், சிலித் துறைமுகங்கள் வழியே தடையற்ற சரக்குப் போக்குவரத்து, அரிகா – லாபாஸ் ரயில் பாதை. அது 1913இல் ஓடத் தொடங்கியது.

வென்றவர் கையில் வெடியுப்பு

சிலிக்கு என்ன கிடைத்தது? பல பத்தாண்டுகளுக்கு அரசு வருமானத்தில் ஏறத்தாழப் பாதியை வெடியுப்பு ஏற்றுமதித் தீர்வை தந்தது. பத்து சென்டாவோவை அநியாயம் என்ற நாடு, அதே உப்பின்மேல் அதைவிடப் பல மடங்கு தீர்வை வைத்தது என்பதைக் கவனிக்க வேண்டும். அன்டோஃபகாஸ்டா கம்பெனியும் கட்டியது.

லாபத்தின் பெரும் பங்கு வேறெங்கோ போயிற்று. தாரபாகா சுரங்கங்களுக்காகப் பெரு கொடுத்திருந்த பத்திரங்கள் போர்க்காலத்தில் அடிமாட்டு விலைக்கு வந்தன. ஜான் தாமஸ் நார்த் என்ற ஆங்கிலேயர், வால்பரைசோ வங்கியில் கடன் வாங்கியே அவற்றை அள்ளினார். பத்திரம் வைத்திருப்பவருக்கே சுரங்கம் என்று சிலி அரசு முடிவு செய்ததும் அவர் வெடியுப்பு மன்னரானார். அந்நிய ஆதிக்கத்தைக் கட்டுப்படுத்தப் பேசிய குடியரசுத் தலைவர் பல்மசேதா 1891 உள்நாட்டுப் போரில் தோற்றுத் தற்கொலை செய்துகொண்டார்; அந்தப் போருக்கு வேறு காரணங்களும் உண்டு. 1907 டிசம்பர் 21 அன்று இக்கிகேயின் சான்டா மரியா பள்ளியில் கூடியிருந்த வேலைநிறுத்தத் தொழிலாளர்கள்மேல் ராணுவம் சுட்டது. கூட்டத்தில் சிலிக்காரர், பெருக்காரர், பொலிவியர் எல்லாரும் இருந்தார்கள். செத்தவர் எத்தனை என்பதில் இன்றுவரை ஒருமித்த கணக்கில்லை.

1913இல் ஜெர்மனியின் ஓப்பாவில் ஹேபர் – போஷ் முறையில் காற்றிலிருந்தே நைட்ரஜன் உரம் செய்யும் ஆலை இயங்கத் தொடங்கியது. முதல் உலகப் போருக்குப் பிறகு வெடியுப்புத் தொழில் படிப்படியாகச் செத்தது. ஹம்பர்ஸ்டோன், சான்டா லாரா என்ற இரு வெடியுப்பு ஊர்கள் 2005இல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறின, குடியிருப்போர் இல்லை. ஆனால் நிலம் வேறு செல்வங்களை வைத்திருந்தது. கலாமாவுக்கு அருகே சுகிகமாட்டா செப்புச் சுரங்கம், அடகாமா உப்புத் தளத்தின் லித்தியம்: இரண்டும் 1879க்கு முன் பொலிவியா தன்னுடையதாகக் கொண்டிருந்த நிலத்தில்தான்.

ஹேக் வரை

1975இல் ஒரு வாய்ப்பு நெருங்கி வந்தது. ராணுவ ஆட்சியாளர்களான பொலிவியாவின் பன்சரும் சிலியின் பினோசேவும் சரான்யா எல்லையில் கட்டித்தழுவிக்கொண்டார்கள். அரிகாவுக்கு வடக்கே ஒரு ஒடுங்கிய நிலத்துண்டு, பதிலுக்கு அதே அளவு பொலிவிய நிலம் என்பது சிலியின் முன்மொழிவு. 1929 விதிப்படி பெருவின் சம்மதம் தேவை. பெரு 1976இல், அந்தத் துண்டின் கடற்கரைப் பகுதியை மூன்று நாடுகளும் சேர்ந்து ஆளட்டும் என்று மாற்று யோசனை சொன்னது. சிலி மறுத்தது. 1978இல் பொலிவியா மறுபடி தூதரக உறவை முறித்தது.

2003இல் பொலிவியாவின் இயற்கை எரிவாயுவைச் சிலித் துறைமுகம் வழியாக ஏற்றுமதி செய்யும் திட்டம் வெடித்தபோது, தெருவில் இறங்கியவர்களின் கோபத்தில் 1879உம் கலந்திருந்தது. குடியரசுத் தலைவர் சாஞ்செஸ் டி லொசாதா அக்டோபர் 17 அன்று பதவி விலகி நாட்டை விட்டுப் போனார். 2009 அரசியலமைப்பு, கடலுக்கான உரிமையைக் கைவிட முடியாத உரிமை என்றே எழுதிவைத்தது. கடலில்லாத அந்த நாட்டின் கடற்படை டிடிகாகா ஏரியில் பயிற்சி செய்கிறது.

2013 ஏப்ரலில் பொலிவியா ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்துக்குப் போனது. கேட்டது நிலத்தை அல்ல. 1904 உடன்படிக்கையைத் தொடவும் இல்லை. நூறாண்டாகச் சிலி திரும்பத் திரும்பப் பேச ஒப்புக்கொண்டிருக்கிறது, ஆகவே கடல்வழி தருவது குறித்து நல்லெண்ணத்தோடு பேச அதற்குச் சட்டக் கடமை உண்டு என்று அறிவியுங்கள் என்றது. சாமர்த்தியமான வழக்கு. 1878இல் மன்றம் கையாண்ட அதே வழக்கறிஞர் நுட்பம் இதிலும் தெரிகிறது என்று எனக்குப் படுகிறது, இம்முறை கையில் ஏலச் சுத்தி இல்லாமல். இதை விசாரிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்ற சிலியின் பூர்வாங்க ஆட்சேபத்தை நீதிமன்றம் 2015இல் தள்ளியபோது லாபாஸ் கொண்டாடியது.

2018 அக்டோபர் 1 அன்று தீர்ப்பு வந்தது. பொலிவியக் குடியரசுத் தலைவர் ஏவோ மொராலெஸ் நீதிமன்றத்தில் நேரில் அமர்ந்திருந்தார். பேச்சுவார்த்தை நடத்தியதாலேயே, பேசியே ஆக வேண்டும் என்ற கடமை பிறந்துவிடாது என்று 12 நீதிபதிகள் சொன்னார்கள்; மூவர் மாறுபட்டார்கள். இந்தத் தீர்ப்பு இரு நாடுகளும் தாமாகப் பேசுவதற்குத் தடையல்ல என்றும் கடைசியில் ஒரு பத்தி சேர்த்தார்கள். அன்றைய தேதியில் இரு தலைநகரங்களிலும் மற்றவருக்குத் தூதர் இல்லை. பொலிவியாவின் சரக்கு லாரிகள் அரிகா நோக்கி மலையிறங்கிக்கொண்டுதான் இருந்தன.